வளைவும் கோணலும்

நேரானதைப் புகழ்வதும் வளைந்ததைப் பழிப்பதும் உலக வழக்கம். நல்லவன் ஒருவனை நேர்மையாளன் என்கின்றோம். அவன் உள்ளம் செம்மையுடையது என்கின்றோம். தீயவன் ஒருவனைக் கண்டால் கோணல் புத்திக்காரன் என்று விலகிப் போகின்றோம். மன்னன் முறை செய்தால் அவன் கையில் இருப்பது செங்கோல். முறை தவறினால் அக்கோலே கொடுங்கோல். 'நேராக நில், நேராகப் பார், நேராகப் பேசு' என்று வீட்டிலும் பள்ளியிலும் நீங்கள் நாள்தோறும் கேட்கின்றீர்கள். 33 ஆண்டுகள் வகுப்பறையில் நின்று தமிழ் கற்பித்த யானும் இவ்வாறு ஆயிரம் முறை கூறியிருப்பேன்.

உள்ளத்தைப் பற்றிப் பேசும்பொழுது இவ்வழக்கு மிகப் பொருத்தமானதே. அதனை யான் மறுக்க வரவில்லை. ஆனால் உள்ளத்திற்கு உரிய உவமையை எடுத்துப் பொருள்களின்மீதும், அதனினும் தீதாக, மக்கள் உடம்பின்மீதும் சுமத்தும்பொழுது பிழை நேர்கின்றது. வளைவு வேறு, கோணல் வேறு. இவ்வேறுபாட்டை அறிந்திருந்தும் மறந்துபோனமையால் யானே ஒருகால் ஒரு மாணவனுக்குத் தீங்கு செய்தேன். அதனை ஈற்றில் சொல்லுவேன். தமிழாசிரியனுக்குச் சொல்லே முதற் சான்றாதலின், சொல்லிலிருந்தே தொடங்குகின்றேன்.

'கொடு' என்னும் அடிச்சொல் வளைவைக் குறிப்பது. வளைந்த வாள் கொடுவாள். தேளின் வளைந்த முனை கொடுக்கு. வளைந்து வளைந்து படர்வது கொடி. 'கொடுமை' என்னும் சொல்லுக்கும் வளைவு என்னும் பொருள் உண்டு. தீமை என்பது அதன்மேல் ஏறிய பொருள். 'கோடு' என்னும் சொல்லின் வரலாறோ இன்னும் வியப்புடையது. கோடுதல் என்றால் வளைதல். நடுநிலையிலிருந்து வளையாத பண்பைக் கோடாமை என்றனர் சான்றோர். யானையின் கொம்பு கோடு, மரத்தின் கிளை கோடு, சங்கும் கோடு, குளத்தின் கரையும் கோடு. இவையெல்லாம் வளைந்தவை. ஆனால் இன்று கணக்காசிரியர் அளவுகோலை வைத்துக் கரும்பலகையில் இழுக்கும் நேரிய வரைக்கும் கோடு என்பதே பெயர்! வளைவுக்கு உரிய பெயர் நேருக்கு உரியதாகி, வளைந்ததைக் குறிக்க வேண்டுமாயின் 'வளைகோடு' என்று அடைமொழி சேர்க்க வேண்டிய நிலை வந்துவிட்டது.

'வாங்குதல்' என்பது மற்றொன்று. கடையில் உப்பும் புளியும் வாங்குகின்றோம். பழந்தமிழில் வாங்குதல் என்பதற்கு வளைத்தல் என்னும் பொருள் உண்டு. வீரன் வில்லை வாங்கினான் என்றால் வில்லை வளைத்தான் என்பது கருத்து. தேர்வில் மாணவன் ஒருவன், 'போருக்குச் செல்லுமுன் தலைவன் புதிய வில் ஒன்றை விலைக்குப் பெற்றான்' என்று உரை எழுதியிருந்தான். யான் நகைத்துவிட்டு, அவன் கற்பனைக்காகப் பாதி மதிப்பெண் வழங்கினேன்.

இனி, ஒருவரையொருவர் காணும்பொழுது நாம் சொல்லும் 'வணக்கம்' என்னும் சொல்லைப் பாருங்கள். வணங்குதல் என்பதற்கும் வளைதலே முதற் பொருள். தலை வளைகின்றது, உடல் வளைகின்றது, அவ்வளைவே மரியாதையாகின்றது. கொடுங்கோலுக்குப் பெயர் தந்த வளைவே வணக்கத்திற்கும் பெயர் தந்தது. ஆதலால், தமிழ்மொழி வளைவை முற்றும் பழித்தது என்று எவரேனும் கூறுவாராயின் அவர் மொழியை அரைகுறையாகக் கற்றவர் என்பேன்.

திருவள்ளுவர் இதனை நன்கு உணர்ந்தவர். கூடாவொழுக்கம் என்னும் அதிகாரத்தில் அவர் அம்பையும் யாழையும் அருகருகே வைத்துக் காட்டுகின்றார். அம்பு உருவத்தால் நேரானது, செயலால் கொடியது. யாழின் தண்டு வளைந்தது. ஆயினும் இசையால் இனியது. ஆதலின் மக்களை உருவத்தால் அன்றிச் செயலால் அறிக என்பது அவர் கூறும் நெறி. இவ்வொரு குறளை மட்டும் படித்தவர், வளைந்ததெல்லாம் நல்லது போலும் என்று எண்ணிவிடக்கூடும். கூடாநட்பு என்னும் அதிகாரத்தில் அவரே மற்றொரு வளைவைக் காட்டுகின்றார். வில் வணங்குவது பணிவினால் அன்று. தீங்கு செய்தற்கே அது வளைகின்றது. அதுபோலப் பகைவரின் பணிவான சொல்லையும் நம்பலாகாது என்கின்றார். யாழும் வளைந்தது, வில்லும் வளைந்தது. ஒன்றன் வளைவிலிருந்து இசை பிறக்கின்றது, மற்றொன்றன் வளைவிலிருந்து அம்பு பிறக்கின்றது. வளைவு நல்லதா தீயதா என்று கேட்பதைவிட, இவ்வளைவு எதற்காக என்று கேட்பதே அறிவுடைமை.

சொல்லைவிட்டுப் பொருளுக்கு வருவோம். திருவிழாவின்போது இரண்டு தூண்களுக்கிடையே மாவிலைத் தோரணம் கட்டுகின்றீர்கள். எவ்வளவு இழுத்துக் கட்டினாலும் அக்கயிறு நடுவில் சற்றே தாழ்ந்து ஓர் அழகிய வளைவாகத் தொங்கும். அவ்வளைவை யாரும் வரைந்து வைக்கவில்லை. கயிற்றின் எடையே அதனை வரைகின்றது. அது என்ன வளைவு என்பது பேரறிஞர்களையும் மயங்கவைத்த வினா. தொங்கும் சங்கிலி பரவளையத்தை ஒத்திருக்கும் என்று 1638-ஆம் ஆண்டில் வெளியான தம் நூலில் கலிலியோ எழுதினார். எறிந்த கல் செல்லும் வழி பரவளையம் என்பதைக் கண்டு சொன்னவர் அவரே. ஆயினும் சங்கிலியின் வளைவு பரவளையத்திற்கு மிக நெருங்கியதேயன்றிப் பரவளையம் அன்று. 1691-இல் லைப்னிட்சு, ஐகன்சு, யோகான் பெர்னூலி என்னும் மூவர் அதன் உண்மை வடிவத்தைக் கணக்கிட்டுக் காட்டினர்.

அவர்களுக்கு முன்னரே, 1675-இல், இராபர்ட்டு ஊக்கு என்னும் ஆங்கில அறிஞர் வேறொன்றைக் கண்டிருந்தார். தொங்கும் சங்கிலியின் வடிவத்தைத் தலைகீழாகத் திருப்பினால் அதுவே உறுதியாக நிற்கும் வளைவுக் கட்டடத்தின் வடிவம் என்பது அவர் கண்ட உண்மை. அதனைப் பிறர் கவர்ந்துவிடுவரோ என்று அஞ்சி, இலத்தீன் தொடர் ஒன்றில் அமைத்து, அதன் எழுத்துகளைக் கலைத்து, மறைபொருளாக அச்சிட்டுவிட்டார். நம் புலவர்கள் எழுத்துகளைக் கட்டங்களில் அடைத்துப் பாடிய சித்திரகவியை இது எனக்கு நினைவூட்டும். ஆனால் நம்மவர் விளையாட்டிற்காகச் செய்ததை அவர் காவலுக்காகச் செய்தார். 1703-இல் அவர் மறைந்தார். 1705-இல்தான் அத்தொடரின் பொருள் வெளியாயிற்று.

அவர் கூறியதன் காரணம் எளியது. தொங்கும் கயிறு முழுவதும் இழுவிசையில் இருக்கின்றது. அதனைத் தலைகீழாக்கினால் இழுவிசை இருந்த இடமெல்லாம் அழுத்தமாகிவிடும். கல்லும் செங்கல்லும் அழுத்தத்தைத் தாங்கும்; இழுப்பைத் தாங்கா. இரண்டு தூண்களின்மீது நீண்ட கல் உத்தரம் ஒன்றைக் கிடத்தினால், அதன் அடிப்பகுதி இழுபட்டு விரிசல் விடும். நம் பழங்கோயில் மண்டபங்களில் தூண்கள் நெருங்கி நிற்பதற்கு இதுவும் ஒரு காரணம். 1636-இல் எழுந்த மதுரைத் திருமலை நாயக்கர் மகாலைச் சென்று காணுங்கள். அங்கே பெருந்தூண்களுக்கிடையே செங்கல்லாலும் சுண்ணாம்பாலும் அமைந்த வளைவுகள் அகன்ற வெளியைத் தாண்டி நிற்கின்றன. தனித்தனியே எடுத்தால் சிறுவனும் தூக்கத்தக்க செங்கற்கள் அவை. ஒன்றையொன்று அழுத்திக்கொண்டு வளைந்து நிற்பதனால் மேலுள்ள பாரத்தையெல்லாம் பக்கவாட்டில் கடத்தித் தூணிடம் ஒப்படைத்துவிடுகின்றன.

இதே கருத்தைப் படுக்கையாக வைத்து எண்ணினால் இடுக்கி அணை விளங்கும். கேரள மாநிலத்தில், குறவன், குறத்தி என்று வழங்கும் இரண்டு மலைகளுக்கிடையே, பெரியாற்றின் குறுக்கே 1976-இல் இயங்கத் தொடங்கிய அணை அது. உயரம் ஏறத்தாழ 169 மீட்டர். அதன் சுவர் நேராக நிற்கவில்லை. நீரை நோக்கிப் புடைத்து வளைந்திருக்கின்றது. தேங்கிய நீர் தள்ளத் தள்ளச் சுவர் மேலும் இறுகி, அத்தள்ளலை இருபுறத்து மலைப்பாறைகளுக்கும் பகிர்ந்து கொடுக்கின்றது. இதனைக் கோணல் என்று சொல்ல யாருக்கு மனம் வரும்?

மலைப்பாதையின் வளைவும் இத்தகையதே. நாமக்கல் மாவட்டத்துக் கொல்லிமலைக்கு ஏறும் சாலையில் 70 கொண்டை ஊசி வளைவுகள் உள்ளன. கடையெழு வள்ளல்களுள் ஒருவனான வல்வில் ஓரி ஆண்ட மலை அது. வில்லால் பெயர் பெற்றவனின் மலைக்கு வளைவுகளாலேயே ஏறிச் செல்கின்றோம் என்பது எனக்கு ஒரு சிறு மகிழ்ச்சி. மலைமேல் உள்ள ஊரை நேர்க்கோட்டில் அடைவதாயின் ஏற்றம் செங்குத்தாகிவிடும். எந்த வண்டியும் ஏறாது. வழியை நீட்டினால் ஏற்றம் தணியும். நீட்டுவதற்கு இடமில்லாத மலைச்சரிவில் மடித்து மடித்துத்தான் நீட்ட வேண்டும். இளமையில் ஒரு மலையூர்ப் பள்ளியில் யான் பணியாற்றினேன். அங்கே மாணவர்கள் வளைவுகளைத் தவிர்த்துச் சரிவில் நேரே இறங்கும் குறுக்கு வழி ஒன்றை ஆக்கியிருந்தனர். விரைவில் பள்ளியை அடையலாம் என்று யானும் அதனைப் புகழ்ந்தேன். ஐப்பசி மழையில் நீரும் அக்குறுக்கு வழியையே தேர்ந்தெடுத்தது. மாதம் முடிவதற்குள் அது முழங்கால் ஆழ ஓடையாகிவிட்டது. வளைந்து சென்ற பழைய பாதையோ அம்மழைக்குப் பின்னும் பாதையாகவே கிடந்தது.

காணமுடியாத வளைவும் ஒன்று உண்டு. அது தாளில் மட்டும் இருப்பது. நாளை ஒரு பக்கத்திலும் எண்ணிக்கையை மற்றொரு பக்கத்திலும் குறித்து, புள்ளிகளை இணைத்தால் எழுவது அவ்வளைகோடு. 2020-ஆம் ஆண்டில் கொரோனா நோய் பரவியபொழுது உலகம் முழுவதும் இவ்வளைகோட்டைப் பற்றியே பேசிற்று. நோயுற்றோர் எண்ணிக்கை செங்குத்தாக உயர்ந்தால் மருத்துவமனைகள் தாங்கா. அதே நோயாளிகள் பல வாரங்களில் பரந்து வந்தால் தாங்கும். ஆதலின் கோட்டின் உச்சியைத் தாழ்த்தித் தட்டையாக்குக என்றனர். இங்கே வளைவு ஒரு பொருளன்று, எண்களின் நிழல். ஆயினும் அந்நிழலைப் பார்த்து மக்கள் வீட்டில் அடங்கியிருந்தனர்.

எம் துறையாகிய எழுத்தைப் பற்றி ஒரு சொல் கூறாமல் செல்ல இயலவில்லை. பாண்டிய நாட்டிலும் சேர நாட்டிலும் முற்காலத்தில் வட்டெழுத்து வழங்கியது. ஓலையின்மீது எழுத்தாணியால் நேர்க்கோடு இழுத்தால் நாரின் போக்கில் ஓலை கிழிந்துவிடும். ஆதலின் எழுத்துகள் வளைந்தன என்பது பலர் கூறும் காரணம். அது ஓரளவு பொருந்தும். ஆயினும் ட, ப, ம என்பன நேர்க்கோடுகளைக் கொண்டே இன்றும் நிற்கின்றன. அவையும் ஓலையில் எழுதப்பட்டவையே. ஆதலால் ஓலை ஒன்றே காரணம் என்று முடிவு கட்டுதல் ஆகாது என்பது என் கருத்து. யான் பள்ளியிற் பயின்றபொழுது ண, ல, ள, ன என்னும் நான்கு எழுத்துகளுக்கும் ஐகாரக் குறி, யானையின் துதிக்கைபோல் முன்புறம் வளைந்து தலைமேல் ஏறியிருக்கும். 1978-இல் அரசு ஏற்ற எழுத்துச் சீர்திருத்தத்தால் அத்துதிக்கை மறைந்தது. மற்ற எழுத்துகளுக்குரிய குறியே அவற்றிற்கும் வந்தது. அச்சுக்கோப்பார்க்கும் புதிதாகக் கற்கும் குழந்தைகளுக்கும் அது நன்மையே. யான் அதனைக் குறை கூறேன். எனினும் இன்றும் தனியே எனக்காக எழுதும் குறிப்புகளில் என் கை தானாகவே அத்துதிக்கையை வளைத்துவிடுகின்றது.

உடம்பிற்கு வருவோம். நிமிர்ந்து நிற்பவனை, 'கம்புபோல் நிற்கின்றான்' என்று பாராட்டுகின்றோம். உண்மையில் எவருடைய முதுகெலும்பும் கம்புபோல் இல்லை. பக்கவாட்டிலிருந்து நோக்கினால் அது கழுத்தில் முன்னோக்கியும், மார்பின் பின்புறத்தில் பின்னோக்கியும், இடுப்பில் மீண்டும் முன்னோக்கியும், அதன் கீழே பின்னோக்கியும் வளைந்திருக்கும். பிறக்கும்பொழுது குழந்தையின் முதுகு ஒரே வில்லாக வளைந்திருக்கின்றது. தலையைத் தூக்கத் தொடங்கும்பொழுது கழுத்தின் வளைவும், எழுந்து நடக்கத் தொடங்கும்பொழுது இடுப்பின் வளைவும் உருப்பெறுகின்றன. நாம் ஓடும்பொழுதும் குதிக்கும்பொழுதும் எழும் அதிர்ச்சியை அவ்வளைவுகளே தாங்கித் தணிக்கின்றன.

ஆனால் பின்புறத்திலிருந்து நோக்கினால் அவ்வெலும்பு நேராக இருத்தல் வேண்டும். சிலருக்கு, பெரும்பாலும் 10 முதல் 15 வயதிற்குள் உடல் விரைந்து வளரும் பருவத்தில், அது பக்கவாட்டில் வளைந்து சற்றே முறுக்கிக்கொள்ளும். பெரும்பாலோரிடம் இதன் காரணம் இன்னதென்று தெரிவதில்லை. அம்மாணவர் நிற்கும் முறையாலோ சோம்பலாலோ வருவதன்று அது. வலியும் தொடக்கத்தில் இராது. ஆதலின் பெற்றோரும் அறியார், அவரும் அறியார்.

1996-ஆம் ஆண்டில் ஒன்பதாம் வகுப்பில் எனக்கு ஒரு மாணவன் இருந்தான். நல்ல குரலுடையவன், காலை வழிபாட்டில் குறள் சொல்பவன் அவனே. நிற்கும்பொழுது அவனது இடத்தோள் தாழ்ந்தும் வலத்தோள் உயர்ந்தும் இருக்கும். 'தம்பி, நேராக நில்' என்பேன். அவன் முயன்று நிமிர்வான். சற்று நேரத்தில் தோள் மீண்டும் தாழும். மீண்டும் அதட்டுவேன். அப்பொழுது வகுப்பில் கொடுங்கோன்மை அதிகாரம் நடந்துகொண்டிருந்தது. பிள்ளைகள் அவனுக்குக் 'கொடுங்கோல்' என்று பெயர் வைத்தனர். அது என் செவியில் விழுந்தது. யான் கண்டிக்கவில்லை. நான் கற்பித்த சொல்லைப் பிள்ளைகள் நன்றாகத்தான் ஆளுகின்றனர் என்று உள்ளூர மகிழ்ந்தேன் என்பதையும் மறைத்தல் ஆகாது. சில வாரங்களில் அவன் குறள் சொல்ல முன்வருவதை நிறுத்திக்கொண்டான்.

மறுபடியும் ஓர் ஆண்டு கழிந்தது. பள்ளிக்கு மருத்துவர் ஒருவர் வந்து மாணவர்களை ஆய்ந்தார். அவனைக் கண்டதும் சட்டையைக் கழற்றச் சொல்லி, இரு கைகளையும் சேர்த்துக்கொண்டு முன்னே குனியச் சொன்னார். குனிந்ததும் முதுகின் வலப்புறம் ஒரு மேடாக எழுந்து நின்றது. நிமிர்ந்து நில் என்று இரண்டாண்டுகள் சொல்லியும் எனக்குத் தெரியாதது, குனி என்று ஒருமுறை சொன்னதும் அவருக்குத் தெரிந்துவிட்டது. முன்னரே கண்டிருந்தால், வளரும் பருவத்தில் உடம்பைப் பற்றி நிற்கும் கவசம் ஒன்றை அணிவித்து வளைவு பெருகாமல் தடுத்திருக்கக்கூடும்; இப்பொழுது அறுவை மருத்துவம் ஒன்றே வழி என்றார் அவர். அறுவை நடந்தது, அவன் நலமாகத் திரும்பினான், ஓர் ஆண்டுப் படிப்பை மட்டும் இழந்தான்.

அவன் தாயைக் காணச் சென்றேன். மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று எண்ணிச் சென்றவனுக்குச் சொல் எழவில்லை. அந்த அம்மையாரே பேசினார். 'ஐயா, நீங்கள் சொல்கிறீர்களே என்று நானும் வீட்டில் அவனை அதட்டிக்கொண்டே இருந்தேன்' என்றார். அவர் என்னைக் குறை கூறவில்லை, தம்மையே நொந்துகொண்டார். யாழையும் வில்லையும் பிரித்துக் காட்டும் இரண்டு குறட்பாக்களையும் அதுவரை ஆண்டுதோறும் நடத்திவந்தவன் யான்.

அவ்வாண்டு முதல் ஓய்வு பெறும் வரையில், பள்ளி திறக்கும் முதல் வாரத்திலேயே என் வகுப்பு மாணவர்களின் தோள்களைப் பார்த்துவிடுவேன். ஒரு தோள் உயர்ந்திருக்கின்றதா, தோட்பட்டை எலும்பு ஒருபுறம் புடைத்திருக்கின்றதா, இடுப்பின் இருபுறமும் ஒத்திருக்கின்றனவா என்று நோக்கிவிட்டு, ஐயமிருப்பின் பெற்றோரைத் தனியே அழைத்து மருத்துவரிடம் காட்டச் சொல்லுவேன். அவ்வாறு மூவரை அனுப்பினேன். இருவருக்கு வளைவு இருந்தது. உரிய காலத்தில் கவசம் அணிந்தனர். மூன்றாமவளான ஒரு சிறுமிக்கு ஒன்றும் இல்லை என்று மருத்துவர் சொல்லி அனுப்பிவிட்டார். புத்தகப் பையை எப்பொழுதும் ஒரே தோளில் மாட்டிக்கொண்டு நிற்பது அவள் வழக்கமாம். 'உங்களால் எனக்கு ஒரு நாள் வருகைப்பதிவு போயிற்று, ஐயா' என்று மறுநாள் அவள் முறையிட்டாள். யான் வருகைப்பதிவேட்டை எடுத்து, எவர்க்கும் தெரியாமல், அந்நாளைத் திருத்திக் கொடுத்தேன்.